ஏழு குழந்தைகளும் ஒரு கிணறும்

மூன்று தாய்மார்கள் முகமூடி போட்டுக்கொண்டு ஒரு பல்பொருள் அங்காடிக்குள் நுழைகிறார்கள். ஒருத்திக்கு நான்கு குழந்தைகள். கார் வியாபாரம் செய்த கணவன் வீட்டைக் கடனில் மூழ்கடித்துவிட்டு, வேறொரு பெண்ணோடு சுற்றிக்கொண்டிருக்கிறான். இன்னொருத்தியின் மகளுக்குச் சிறுநீரக நோய். உணவு விடுதியில் பரிமாறிச் சம்பாதிக்கும் கூலி மருந்துக்கு எட்டவில்லை. மூன்றாமவள் அதே அங்காடியில் காசாளர். பெற்ற பிள்ளையைத் தன்னிடம் வைத்துக்கொள்ள வழக்கு நடத்த வேண்டும், அதற்குப் பணம் வேண்டும். அமெரிக்காவின் என்பிசி தொலைக்காட்சியில் 2018 முதல் 2021 வரை நான்கு பருவங்களாக வந்த 'குட் கேர்ள்ஸ்' தொடர் இப்படித் தொடங்குகிறது. ஒரே ஒரு தடவைதான் என்று இறங்கியவர்கள் கள்ள நோட்டு அச்சடிப்பது வரைக்கும் போகிறார்கள். நடுநடுவே பிள்ளைகளுக்கு மதியச் சாப்பாடு கட்டுகிறார்கள், பெற்றோர் ஆசிரியர் கூட்டத்துக்கு ஓடுகிறார்கள், துவைத்த துணியை மடிக்கிறார்கள். இந்தத் தொடரின் சுவையே அந்த மடிப்பில்தான் இருக்கிறது.

என் மாணவிகள் சிலர் கைப்பேசியில் இதைப் பார்த்துவிட்டு வகுப்பில் பேசிக்கொண்டிருந்தார்கள். கதைப்பாடல்கள் பற்றிய பாடம் நடந்துகொண்டிருந்த வாரம் அது. ஒருத்தி கேட்டாள்: "நம்ம ஊர்க் கதையில அம்மா ஏன் மேம் திருடவே மாட்டேங்கிறா?"

எளிதில் பதில் சொல்லக்கூடிய கேள்வி இல்லை. நம் திரையில் தாய் குற்றத்துக்குள் வராமல் இல்லை. 'பாபநாசம்' படத்தில் மகளைக் காப்பாற்ற நடந்ததை மறைக்கிறாள். 'கோலமாவு கோகிலா'வில் அம்மாவின் புற்றுநோய்ச் சிகிச்சைக்காகப் போதைப்பொருள் கடத்தப் போகிறவள் மகள். அம்மா நோயாளி, பிறகு உடந்தை. குற்றத்தை அம்மாவே யோசித்து, அம்மாவே தொடங்கி, அதன் பணத்தை அம்மாவே எண்ணிப் பார்க்கும் கதை நம்மிடம் அரிது. அம்மாவே தொடங்கிய குற்றம் என்று தமிழ் மரபு நினைவில் வைத்திருப்பது வேறொன்று. அங்கே பறிபோவது பணம் இல்லை, அவள் பெற்ற உயிர்கள். அந்தக் குற்றம் கதையிலிருந்து நீதிமன்றத்துக்கு நடந்து போன வழியைத்தான் இங்கே சொல்லப் பார்க்கிறேன். அது காஞ்சிபுரத்துக்குப் பக்கத்தில் ஒரு மண்டபத்தில் தொடங்கட்டும்.

*

கூரம் சிறிய ஊர். வைணவர்களுக்கு அது கூரத்தாழ்வான் பிறந்த மண். வரலாறு படிப்பவர்களுக்கு ஒரு செப்பேட்டின் பெயர். ஏழாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆண்ட முதலாம் பரமேசுவரவர்மப் பல்லவன், கூரத்துச் சிவன் கோயிலுக்காகப் பரமேசுவரமங்கலம் என்ற ஊரை 25 பங்காகப் பிரித்ததை அந்தச் செப்பேடு பதிந்து வைத்திருக்கிறது. 20 பங்கு நான்மறை கற்ற அந்தணர்களுக்கு. 3 பங்கு கோயில் பூசைக்கும் பழுது பார்ப்பதற்கும். ஒரு பங்கு, கூரத்து மண்டபத்துக்குத் தண்ணீரும் நெருப்பும் கொண்டுவருகிறவருக்கு. மிச்சமிருந்த ஒரு பங்கு, அந்த மண்டபத்தில் பாரதம் வாசிக்கிறவருக்கு. தண்ணீர், நெருப்பு, கதை என்று அடுத்தடுத்து எழுதியிருப்பதைப் பார்க்கும்போது எனக்கு அந்தப் பல்லவ எழுத்தர்மேல் ஒரு பிரியம் வரும்.

அவர் வாசித்த பாரதத்தில், ஆதிபருவத்திலேயே, ஒரு தாய் தான் பெற்ற ஏழு குழந்தைகளை ஒவ்வொன்றாக ஆற்றில் விடுகிறாள். கங்கை. தான் எது செய்தாலும் ஏன் என்று கேட்கக்கூடாது என்பது அவள் சந்தனுவை மணக்கும்போது போட்ட நிபந்தனை. ஏழு முறையும் அவன் கேட்கவில்லை. எட்டாவது குழந்தையின்போது கேட்டான். அந்தக் குழந்தை பிழைத்துப் பீஷ்மனானது, அவள் போய்விட்டாள். சாபம் பெற்ற வசுக்களை விடுவித்தாள் என்று கதை விளக்கம் சொல்லிவிடுகிறது. ஆகவே அவள் கொலைகாரி இல்லை. இன்னும் சில அத்தியாயம் தள்ளிக் குந்தி, கன்னியாக இருந்தபோது பெற்ற பிள்ளையைப் பெட்டியில் வைத்து ஆற்றோடு விடுகிறாள். இந்தியத் தண்டனைச் சட்டம் அன்றைக்கு இருந்திருந்தால் 317ஆம் பிரிவில் ஏழு ஆண்டு வரை உள்ளே இருந்திருப்பாள்: பன்னிரண்டு வயதுக்குட்பட்ட குழந்தையைக் கைவிட்ட குற்றம். பாரதமோ அவளைப் பாண்டவரின் தாய் என்று வணங்குகிறது. காஞ்சிபுரம், செய்யாறு வட்டாரத்தில் திரௌபதியம்மன் திருவிழா நடக்கும் ஊர்களில் இன்றைக்கும் பகலில் பாரதம் சொல்கிறார்கள், இரவில் கூத்து ஆடுகிறார்கள். கர்ணன் விழும் இரவில் குந்தி வந்து அழும்போது கூடவே அழாத பெண்ணை நான் பார்த்ததில்லை.

இந்த ஆற்றைக் கிணறாக மாற்றியது நல்லதங்காள் கதை. கங்கைக்கு ஏழு, நல்லதங்காளுக்கும் ஏழு. ஏழு நம் கதைகளில் பழகிய எண்தான், ஏழு கன்னிமார் இருக்கிறார்கள். ஒன்றிலிருந்து மற்றொன்று வந்தது என்று நான் வாதிட மாட்டேன். ஆனால் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. கங்கைக்குச் சாபம் காரணம். நல்லதங்காளுக்குப் பசி காரணம்.

பெரிய எழுத்துக் கதையாக அச்சாகித் திருவிழாக் கடைகளில் விற்ற கதை அது, நாடகமானது, சினிமாவானது. தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாக: பன்னிரண்டு வருடப் பஞ்சம். வாழ்க்கைப்பட்ட ஊரில் சோறில்லை. ஏழு பிள்ளைகளோடு பிறந்த வீட்டுக்குப் போகிறாள். உடன்பிறந்த நல்லதம்பி வேட்டைக்குப் போயிருக்கிறான். அவன் மனைவி மூளி அலங்காரி கதவடைக்கிறாள்; உலை வைக்கக் கேட்டால் ஈர விறகும் ஓட்டைச் சட்டியும் தருகிறாள். ஊருக்கு ஊர் இந்த விவரங்கள் கொஞ்சம் மாறும். மாறாதது கிணறு. விருதுநகர் மாவட்டம் வத்திராயிருப்புக்குப் பக்கத்தில் அர்ச்சுனாபுரத்தில் அந்தக் கிணறு இதுதான் என்று காட்டுகிறார்கள், அவளுக்குக் கோயிலும் இருக்கிறது. கதையில் மூத்த மகன் ஓடித் தப்பிக்கப் பார்ப்பான். ஆடுமாடு மேய்க்கிறவர்கள் அவனை மறைத்து வைப்பார்கள். தாய் வந்து, என் பிள்ளை என்று சொல்லிக் கேட்டு வாங்கிக்கொண்டு போவாள். வகுப்பில் இந்த இடத்தை வாசிக்கும்போது யாரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை.

நான் கவனிக்கச் சொல்வது வேறோர் இடம். அண்ணன் வீட்டில் தானியம் இருக்கிறது. குதிர் நிறைய இருக்கிறது. பூட்டை உடைக்க வேண்டும் என்ற எண்ணம் நல்லதங்காளுக்கு வருவதே இல்லை. அவளுக்கு வரவில்லை என்பதைவிட, கதை கட்டியவர்களுக்கு வரவில்லை என்று சொல்வது சரி. ஒரு படி அரிசியை எடுத்திருந்தால் அவள் திருடி. ஏழு பிள்ளைகளைக் கிணற்றில் போட்டதால் தெய்வம். மானம் என்ற சொல் எந்தப் பக்கம் எவ்வளவு எடை வைக்கிறது என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் தராசு நம் இலக்கியத்தில் கிடையாது.

பழியை யார் சுமந்தார்கள் என்பதையும் பார்க்க வேண்டும். பஞ்சத்தில் வரி வாங்கிய அரசன் இல்லை, குடும்பத்தை நடத்த வேண்டிய கணவன் இல்லை, வேட்டைக்குப் போன அண்ணன் இல்லை. இன்னொரு பெண். மூளி அலங்காரி என்ற பெயரே இன்று வசவு. இரண்டு பெண்களுக்கு நடுவில் நடந்த சண்டையாகப் பஞ்சம் சுருங்கிவிடுகிறது.

எடுப்பதற்குப் பெண் கையில் என்ன இருந்தது என்ற கேள்விக்குக் கூரத்திலேயே ஒரு கதை உண்டு. கூரத்தாழ்வான் பெருஞ்செல்வத்தைத் துறந்து மனைவி ஆண்டாளோடு திருவரங்கத்துக்கு நடக்கிறார். காட்டு வழியில் அவளுக்குப் பயம். மடியில் ஏதாவது வைத்திருக்கிறாயா என்று கேட்கிறார். நீங்கள் உண்பதற்காக ஒரு பொன் வட்டில் எடுத்துவந்தேன் என்கிறாள். வாங்கித் தூர எறிகிறார், பயம் போய்விடுகிறது. குருபரம்பரைக் கதைகள் இதை அவருடைய வைராக்கியத்துக்குச் சான்றாகச் சொல்லும். நான் படிக்கும்போதெல்லாம் அந்த வட்டிலை மடியில் செருகிக்கொண்ட கையைத்தான் நினைத்துக்கொள்வேன். செல்வத்தைத் துறக்கும் முடிவு அவருடையது. அடுத்த வேளைச் சோற்றை எதில் போடுவது என்ற கவலை அவளுடையது. அந்தக் கவலைக்குப் பெயர் பற்று, அதாவது ஒரு சிறு குற்றம்.

*

1860இல் இயற்றி 1862இல் நடைமுறைக்கு வந்த இந்தியத் தண்டனைச் சட்டத்துக்கு மானம் தெரியாது, சாபமும் தெரியாது. கொலை என்றால் 302. கிணற்றில் குதித்துத் தாய் மட்டும் பிழைத்தால் அவள்மேல் இரண்டு குற்றங்கள்: பிள்ளைகளைக் கொன்றது, தற்கொலைக்கு முயன்றது. கொலைக் குற்றத்தைக் குறைத்துப் பார்க்க 300ஆம் பிரிவு சில விதிவிலக்குகள் தருகிறது. முதல் விதிவிலக்கு, கடுமையான, திடீரென்ற ஆத்திரமூட்டலால் தன்வசம் இழந்து செய்த கொலை. திடீர் என்ற அந்தச் சொல் ஆண்களின் சண்டையை மனத்தில் வைத்து எழுதப்பட்டது என்று பெண்ணியச் சட்ட அறிஞர்கள் பல நாடுகளில் எழுதிவிட்டார்கள். கள்ளுக்கடையில் ஒருவன் ஒரு வார்த்தை சொல்கிறான், இன்னொருவன் உடனே குத்துகிறான். சட்டத்துக்கு அது புரிகிறது. பத்து வருடம் அடி வாங்கி, பதினோராம் வருடம் ஒரு நாள் காலையில் பாத்திரம் கழுவி வைத்துவிட்டுக் கிணற்றடிக்கு நடக்கிறவளின் ஆத்திரம் எந்த நொடியில் திடீரென்று வந்தது? சட்டத்தில் அதற்கு அளவுகோல் இல்லை.

குழந்தையைக் கொன்ற தாய் என்ற உருவம் காலனிய நீதிமன்றத்தில் பெரிதாகப் பேசப்பட்டது 1881இல், சூரத்தில். விஜயலட்சுமி என்ற இளம் பிராமண விதவை, பிறந்த குழந்தையைக் கொன்றதற்காகத் தூக்குத் தண்டனை பெற்றார். பிறகு அது நாடு கடத்தலாகவும், கடைசியில் ஐந்து ஆண்டுச் சிறையாகவும் குறைந்தது. பத்திரிகைகள் பெண்களின் ஒழுக்கத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதின. அந்தக் குழந்தைக்குத் தகப்பன் என்று ஒருவன் இருந்திருக்க வேண்டுமே என்ற நினைப்பு எழுதியவர்களில் பெரும்பாலோருக்கு வரவில்லை. அந்தக் கோபத்தில்தான் மராத்தியில் தாராபாய் ஷிண்டே 1882இல் 'ஸ்திரீ புருஷ துலனா' எழுதினார். ஆணையும் பெண்ணையும் ஒப்பிட்டுப் பார்க்கலாம் வாருங்கள் என்பதுதான் தலைப்பின் பொருள். இந்தியப் பெண்ணிய எழுத்தின் முதல் நூல்களில் ஒன்று, குற்றவாளிக் கூண்டில் நின்ற ஒரு தாயிலிருந்து பிறந்தது என்பதை மாணவிகள் குறித்துக்கொள்ள வேண்டும்.

புனேயில் சாவித்திரிபாயும் ஜோதிராவ் புலேயும் இதற்கு ஏறக்குறைய இருபது ஆண்டுகளுக்கு முன்பே, 1863இல், வேறு வழியில் பதில் சொல்லியிருந்தார்கள். கர்ப்பமான விதவைகள் வந்து ரகசியமாகப் பெற்றெடுக்க, வேண்டுமானால் குழந்தையை விட்டுவிட்டுப் போக, தங்கள் வீட்டிலேயே ஓர் இடம் வைத்தார்கள். அப்படி வந்த ஒரு விதவையின் மகனைத் தத்தெடுத்து யஷ்வந்த் என்று பெயரிட்டு வளர்த்தார்கள். 1992இல் சேலத்தில் தொடங்கிய தொட்டில் குழந்தைத் திட்டம் பார்வைக்கு இதைப் போலத்தான் இருக்கும். ஆனால் தொட்டில் குழந்தையை மட்டும் வாங்கிக்கொண்டது. புலேக்களின் வீடு தாயையும் உள்ளே விட்டது.

இங்கிலாந்து 1922இலும் 1938இலும் தனிச் சட்டங்கள் செய்து, பிரசவத்தின் பாதிப்பில் மனம் குலைந்த தாய் தன் பச்சிளம் குழந்தையைக் கொன்றால் அதைக் கொலையிலிருந்து பிரித்துப் பார்த்தது. தனக்காகச் செய்துகொண்ட இந்த ஏற்பாட்டை இந்தியாவுக்குக் கொண்டுவரவில்லை. சுதந்திர இந்தியாவும் அப்படி ஒரு சட்டம் செய்யவில்லை. 2024 ஜூலை 1இல் பழைய சட்டம் போய் பாரதிய நியாய சன்ஹிதா வந்தபோதும் திடீர் என்ற சொல் புதிய புத்தகத்துக்குள் பத்திரமாக இடம்பெயர்ந்துவிட்டது.

சட்டக் கல்லூரியில் எல்லோரும் அடுத்தடுத்துப் படிக்கும் இரண்டு வழக்குகள் உண்டு. இரண்டிலும் கிணறு. அந்தப் பெண்களின் பெயர்களை நான் இங்கே எழுதவில்லை. சட்ட அறிக்கைகளில் வழக்கின் தலைப்பாக அவர்கள் பெயர் மட்டும் நிற்கிறது, எதிரே மன்னர், அல்லது அரசு. அடித்தவர்கள் தலைப்பில் வருவதில்லை.

முதலாவது 1940, அலகாபாத் உயர் நீதிமன்றம். கணவனின் கொடுமை தாங்காத இளம்பெண் இரவில் கைக்குழந்தையோடு வீட்டைவிட்டுக் கிளம்புகிறாள். பின்னால் காலடிச் சத்தம். திரும்பினால் கணவன் வருகிறான். பதறிப்போய் வழியிலிருந்த கிணற்றில் குதிக்கிறாள். குழந்தை இறந்தது, அவள் பிழைத்தாள். கொலை இல்லை, அதற்குக் கீழான குற்றம் என்றது நீதிமன்றம்; தற்கொலை முயற்சி என்பதையும் ஏற்கவில்லை. இரண்டாவது, 1953இல் மத்திய பாரத் உயர் நீதிமன்றம் தீர்த்தது. நாத்தனாரோடு ஓயாத சண்டை, கணவன் அறைந்து வெளியே போ என்கிறான், மூன்று குழந்தைகளோடு போகிறாள், கிணறு. பிள்ளைகள் மூவரும் போய்விட்டார்கள். இது கொலை, இப்படியோர் அபாயத்தில் இறங்க இவளுக்கு எந்தச் சாக்கும் இல்லை என்று தீர்ப்பு வந்தது. தண்டனையைக் குறைக்கலாம் என்று அரசுக்குப் பரிந்துரையும் செய்தார்கள். நீதிபதிகளுக்கும் மனம் கேட்கவில்லை போலும்.

இரண்டையும் ஒன்றாக வைத்துப் படித்தால் ஒன்று புலப்படும். முதல் பெண் ஓடினாள், இரண்டாமவள் நடந்தாள். துரத்துகிறவன் கண்ணுக்குத் தெரிந்தால் பதற்றம். வீட்டிலேயே உட்கார்ந்திருந்தால் அவன் கணக்கில் இல்லை. வீட்டுக்கும் கிணற்றுக்கும் இடையில் அவள் நடந்த தூரத்தைச் சட்டம் அளந்தது. அந்த வீட்டில் அவள் இருந்த வருடங்களை அளக்கவில்லை.

*

அளந்து பார்த்தது சென்னை உயர் நீதிமன்றம், 1989இல். அதுவும் தமிழ்நாட்டுப் பெண். அதே கணவன் கொடுமை, அதே கிணறு, தாய் மட்டும் பிழைத்த அதே விபரீதம். கீழ் நீதிமன்றம் கொலை என்று தண்டித்திருந்தது. உயர் நீதிமன்றம் அதை மாற்றிக் கொலைக்குக் குறைந்த குற்றம் என்றது. அதற்கு அது சொன்ன காரணம்தான் முக்கியம். ஆத்திரமூட்டல் திடீரென்று வர வேண்டும் என்பதில்லை, நீண்ட நாள் சேர்ந்துகொண்டே வரும் ஆத்திரமூட்டலும் உண்டு, சட்டத்தில் எழுதியுள்ள விதிவிலக்குகளோடு எல்லாம் முடிந்துவிடவில்லை என்று அந்தத் தீர்ப்பு பேசியது. அதற்கு ஆதாரமாக எடுத்துக்கொண்டது ஒரு கதைப்பாடலை. இந்த மனநிலைக்கு 'நல்லதங்காள் சின்ட்ரோம்' என்றே பெயர் வைத்தது.

தமிழ் படித்தவளாக எனக்கு இதில் ஒரு பெருமிதம் இருக்கிறது, மறைக்கவில்லை. திருவிழாக் கடையில் மலிவு விலைக்கு விற்ற பெரிய எழுத்துப் புத்தகம், தண்டனைச் சட்டம் காணாத ஒன்றைக் கண்டு சொல்ல நீதிபதிக்கு உதவியிருக்கிறது. லண்டனில் கிரண்ஜித் அலுவாலியாவின் மேல்முறையீடு வென்றது 1992இல். பத்தாண்டு வதைக்குப் பிறகு கணவனைக் கொன்ற அவரை விடுவிக்கும்போதுகூட, ஆத்திரமூட்டல் திடீரென்று இருக்க வேண்டும் என்ற பழைய விதியை அந்த நீதிமன்றம் விட்டுக்கொடுக்கவில்லை. மனநிலைப் பாதிப்பு என்ற வேறு வழியில்தான் வழக்கு திரும்பியது. திடீர் என்ற நிபந்தனையை இங்கிலாந்து எடுத்தது 2009ஆம் ஆண்டுச் சட்டத்தில். சென்னை அதற்கு இருபது வருடம் முன்னால் நின்றது.

பெருமிதம் அங்கேயே முடிகிறது. நல்லதங்காளின் பெயரை ஒரு பெண்ணுக்குக் கொடுக்கும்போது அந்தக் கதையின் தராசும் கூடவே வந்துவிடுகிறது. இந்தப் பெயருக்குள் வர ஒரு தாய் என்ன செய்திருக்க வேண்டும்? தானும் சாக முயன்றிருக்க வேண்டும். கையை வெளியே யார்மீதும் ஓங்காமல், தன் உடம்பையும், தன் உடம்பின் பகுதியாகவே ஊர் நினைக்கும் பிள்ளைகளையும் அழித்திருக்க வேண்டும். அப்படிச் செய்தவளைப் பார்த்து நீதி கண்ணீர் விடுகிறது. பிள்ளைகள் அவளுடைய பகுதியா, தனி உயிர்களா என்ற கேள்வியைக் கதை ஒரே ஓர் இடத்தில் தொடுகிறது: ஓடிய மூத்த மகன். அவன் தரப்பை எந்தத் தீர்ப்பும் முழுதாகப் பேசியதாக எனக்குப் படவில்லை. பெண்ணியம் பேசுகிறவர்கள் நாமும் அவசரத்தில் அவனைத் தாண்டிப் போய்விடக்கூடாது. அவள் பாதிக்கப்பட்டவள் என்பதும் உண்மை, அவன் வாழ விரும்பினான் என்பதும் உண்மை.

ஒன்றைச் சேர்த்துச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் என் வாதம் ஒருபக்கமாகிவிடும். 2013இல் குவாஹாத்தி உயர் நீதிமன்றம், குடித்துவிட்டு அடித்த கணவனைத் திருப்பி அடித்து, அவன் இறந்துபோன வழக்கில், சென்னைத் தீர்ப்பையும் எடுத்துப் பேசி அந்த மனைவியின் குற்றத்தைக் கொலையிலிருந்து குறைத்தது. ஆக, தமிழ்க் கிணற்றிலிருந்து இறைத்த தண்ணீர் அசாமில் வேறொரு பெண்ணுக்குப் பயன்பட்டது. அவள் தன்னைக் கொல்ல முயலவில்லை. இப்படி இன்னும் சில தீர்ப்புகள் வந்தால் நல்லதங்காள் என்ற பெயரின் பொருளே மாறலாம்.

*

பசியால் வந்த குற்றம் என்று சொல்லிவிட்டுக் கடனைப் பேசாமல் இருக்க முடியாது. 'குட் கேர்ள்ஸ்' தொடரின் மூன்று பெண்களுக்கும் பொதுவானது கடன்தான். காஞ்சிபுரத்தில் கடன், பட்டுத்தறியின் இன்னொரு மிதிகட்டை.

கோர்வைச் சேலை நெய்ய ஓர் ஆள் போதாது. உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம் என்று தனித்தனி ஊடை ஓட்ட வேண்டும். தறிக்குப் பக்கத்தில் இன்னொருவர் உட்கார்ந்து கரைக்கான நாடாவைத் தள்ள வேண்டும். அந்த இன்னொருவர் பல காலம் ஒரு குழந்தையாகவே இருந்தது. வீட்டுத் தறியில் சொந்தப் பிள்ளை, வெளித் தறியில் அடுத்தவர் பிள்ளை. அடுத்தவர் பிள்ளை வந்தது முன்பணத்துக்கு. சில ஆயிரம் ரூபாய் வாங்கிக்கொண்டு பிள்ளையைத் தறிக்கு அனுப்பினால், கடன் அடையும்வரை பிள்ளை அங்கே. மனித உரிமைகள் கண்காணிப்பகம் பட்டுத் தொழிலின் கொத்தடிமைக் குழந்தைகளைப் பற்றி 2003 ஜனவரியில் வெளியிட்ட அறிக்கையில் காஞ்சிபுரமும் ஓர் இடம்.

இதற்குச் சட்டம் 1933லேயே இருந்தது. விட்லி தலைமையிலான தொழிலாளர் ஆணையம் 1931இல் தந்த அறிக்கை, குழந்தைகளின் உழைப்பை அடகு வைக்கும் வழக்கத்தை வெளியே கொண்டுவந்தது. அதைத் தொடர்ந்து வந்த சட்டம் அப்படிப்பட்ட ஒப்பந்தம் செல்லாது என்றது. குழந்தையை அடகு வைத்த பெற்றோருக்கு 50 ரூபாய் வரை அபராதம், வேலைக்கு வைத்தவருக்கு 200 ரூபாய் வரை. முதலாளிக்கு நான்கு மடங்கு என்பதில் ஒரு நியாயம் இருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் 50 ரூபாய் கையில் இருக்கிற தாய் எதற்குப் பிள்ளையை அடகு வைக்கப் போகிறாள்? துப்பாக்கி, முகமூடி எதுவும் இல்லாமல் சாதாரணத் தாய் குற்றவாளியான இடம் இது. பிள்ளைக்குத் தலை சீவி, தூக்குவாளியில் கூழ் ஊற்றிக் கொடுத்துத் தறிக்கு அனுப்பினாள். அதுவே குற்றம். 1976இல் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் வந்து கடனையே ரத்து என்றபோதுதான் சட்டத்தின் பார்வை தாயைத் தாண்டிக் கடன் கொடுத்தவன் பக்கம் போனது.

காஞ்சிபுரத்துத் தறியை வைத்து எடுத்த படம் என்றால் பிரியதர்ஷனின் 'காஞ்சிவரம்'. 2007ஆம் ஆண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதும், பிரகாஷ்ராஜுக்குச் சிறந்த நடிகர் விருதும் வாங்கியது. மகளுக்குப் பட்டுச் சேலை கட்டிக் கல்யாணம் செய்து வைப்பேன் என்று வாக்குக் கொடுத்த நெசவாளி, கூலிக்கு நெய்யும் பட்டு நூலில் கொஞ்சம் கொஞ்சமாக வாயில் அடக்கித் திருடிக்கொண்டு வருகிறான். பிடிபட்டுச் சிறைக்குப் போகிறான். முடிவில், பார்த்துக்கொள்ள ஆளில்லாத மகளைத் தானே கொல்கிறான். கண் கலங்காமல் பார்க்க முடியாத படம். அப்பா முதலில் திருடுகிறார், மற்ற வழிகள் எல்லாம் அடைபட்ட பிறகே கொல்கிறார் என்பதை மட்டும் சொல்லிவைக்கிறேன். நல்லதங்காளுக்குக் கதை அந்த முதல் படியைத் தரவே இல்லை. 'காஞ்சிவரம்' படத்தின் அம்மாவுக்கும் தரவில்லை. அவள் இடையிலேயே இறந்துபோகிறாள்.

என் மாணவிக்குச் சொன்ன பதில் ஏறத்தாழ இதுதான். திருட வேண்டுமானால் முதலில் தனக்கும் தன் பிள்ளைகளுக்கும் வாழ உரிமை இருக்கிறது என்று நினைக்க வேண்டும். மானத்தை அதற்குக் கீழே வைக்க வேண்டும். நம் கதை கட்டியவர்கள் பெண்ணுக்கு அந்த வரிசையைக் கொடுக்கவில்லை. அதனால்தான் அமெரிக்கப் புறநகரில் நடக்கும் ஒரு கள்ள நோட்டுக் கதை இந்தப் பிள்ளைகளுக்கு அவ்வளவு இனிக்கிறது. அவள் அடிக்கும் நோட்டுக்காக இல்லை. கிணறு அவள் நினைப்பிலேயே இல்லாததற்காக.

அவள் திருப்தியடையவில்லை. "அப்ப கடன் கொடுத்தவனுக்கு என்ன தண்டனை மேம்?" என்றாள்.

அதற்கும் ஒரு வரலாறு உண்டு, குறுகியது. தமிழ்நாட்டில் கந்துவட்டித் தடைச் சட்டம் 2003இல் வந்தது. 2017 அக்டோபர் 23, திங்கட்கிழமை, மனு நாள். கந்துவட்டிக் கொடுமை பற்றிப் பலமுறை மனு கொடுத்துப் பயனில்லாத ஒரு கூலித் தொழிலாளியும் அவர் மனைவியும் இரண்டு சின்னஞ்சிறு பெண் குழந்தைகளும் திருநெல்வேலி ஆட்சியர் அலுவலக வளாகத்தில் தீயில் எரிந்தார்கள். நால்வரும் பிழைக்கவில்லை. அந்தத் தாய் மட்டும் பிழைத்திருந்தால் 302ஆம் பிரிவில் விசாரணைக் கைதியாக இருந்திருப்பாள். 2025இல் தமிழ்நாடு சட்டமன்றம், கடன் நிறுவனங்கள் கட்டாய நடவடிக்கையில் இறங்குவதைத் தடுக்க ஒரு சட்டம் இயற்றியது. வீட்டு வாசலில் வந்து நிற்பது, மிரட்டுவது, பொருளைப் பறிப்பது எல்லாம் குற்றம். அந்த நெருக்குதலால் கடன் வாங்கியவர் உயிரை மாய்த்துக்கொண்டால், நெருக்கியவர் தற்கொலைக்குத் தூண்டியவராகக் கருதப்படுவார். சுய உதவிக் குழுக் கடன், நுண்கடன் என்று வாரா வாரம் தவணை கட்டுகிறவர்கள் பெரும்பாலும் பெண்கள், பெரும்பாலும் தாய்மார்கள். மூளி அலங்காரி நின்ற இடத்தில் சட்டம் கடன்காரனை நிறுத்தியிருக்கிறது. வழக்குகள் எப்படிப் போகின்றன என்று பார்க்க வேண்டும்.

2017க்குப் பிறகு மாவட்ட ஆட்சியர் அலுவலகங்களில் கண்ணுக்குத் தெரியும் மாற்றம் ஒன்று வந்தது. திங்கட்கிழமை மனுக் கொடுக்க வருகிறவர்களை வாசலில் போலீசார் நிறுத்தி, பையைச் சோதிக்கிறார்கள். இடுப்பில் பிள்ளையோடு நிற்கும் பெண்ணின் தண்ணீர் பாட்டிலைத் திறந்து முகர்ந்து பார்க்கிறார்கள். மண்ணெண்ணெய் இல்லை என்று தெரிந்ததும் உள்ளே விடுகிறார்கள்.